வெட்டத் தழைக்கும் காடு

மரத்தை வெட்டுவது காட்டை அழிப்பதே எனப் பலரும் எண்ணுவர். எல்லா மரத்திற்கும் இது பொருந்தாது. கரும்பை வெட்டியபின் அடிக்கட்டையினின்று மறுதாம்பு கிளைப்பதை நாம் அறிவோம். அவ்வாறே இங்கிலாந்தின் ஹேசல், ஆஷ், செஸ்ட்நட் முதலிய மரங்கள் தரையொட்டி வெட்டப்பட்டாலும் பல கொம்புகளாகத் தழைத்தெழும். பைன் முதலிய ஊசியிலை மரங்களுள் பெரும்பாலானவற்றுக்கு இவ்வியல்பு இல்லை.

சிறு காடு உடையார் இதனைக்கொண்டு வகுத்த முறை எளியது. எட்டு ஏக்கர் ஹேசல் காடு உடையவர் அதனை எட்டுக் கூறாக்கி ஆண்டுக்கு ஒரு கூறு வெட்டுவார். எட்டாவது கூறு முடிந்ததும் முதற்கூறு மீண்டும் பருவம் எய்தியிருக்கும். செஸ்ட்நட்டுக்கு 12 முதல் 20 ஆண்டுகள் வேண்டும். இலையுதிர்ந்த குளிர்காலமே வெட்டுங்காலம். வெட்டுவாய் சரிவாக இருத்தல் வேண்டும். நீர் தங்கின் கட்டை அழுகும். ஹேசல் கொம்புகள் படல் முடையவும், கூரைவேய்வோர்க்கும், அவரைக்குக் கொழுகொம்பாகவும் பயன்படும். எஞ்சியவை விறகும் கரியும் ஆகும். இடையிடையே ஓக் மரங்கள் சில பெருமரமாக விடப்படும். அவை மிகின் நிழல் கவிந்து கட்டைகள் நலியும்.

சஃபோக் பகுதியின் பிராட்ஃபீல்டு காடுகளில் இம்முறை 1252ஆம் ஆண்டிலேயே நிகழ்ந்தமைக்கு ஏட்டுச் சான்று உண்டு. இன்னும் வியப்பு யாதெனில், வெட்டப்படாத ஆஷ் மரத்தினும் வெட்டப்பட்டுவரும் கட்டையே நெடிது வாழ்கிறது.

நிலக்கரியும் ஆலைப்பொருளும் பரவியபின் கொம்புகளுக்கு விலை குன்றிற்று. இருபதாம் நூற்றாண்டில் வெட்டுவாரின்றிப் பல காடுகள் ஓங்கி இருண்டன. வெட்டிய கூற்றில் வெயில் பட்டதும் மலரும் பிரிம்ரோஸ் பூக்களும், அவ்வெளியை நாடும் பட்டாம்பூச்சிகளும் அங்கே அருகின. பச்சை நிறைந்து தோன்றுதலால் வழிப்போக்கர் இதனைக் காடு செழித்ததாகக் கொள்வர்!

மீண்டும் வெட்டப் புகுவோர்க்கு மான்களே பெருந்தொல்லை. இளந்துளிரை அவை தொடர்ந்து மேயின் கட்டை பட்டுப்போகும். வேலிக்குப் பொருள் இல்லாதவர் சுள்ளிகளைக் கட்டைமேல் குவித்துக் காப்பர். 2012இல் அந்நாட்டில் கண்டறியப்பட்ட காளான் நோயால் ஆஷ் மரங்களும் மடிந்துவருகின்றன.

தம் காடாயினும் மனம்போல் வெட்ட இயலாது. உரிமமின்றி மூன்று மாதத்தில் 5 கன மீட்டர் வரையே வெட்டலாம். அதில் விற்கத்தக்கது 2 கன மீட்டர். ஆயின் 15 சென்டிமீட்டர் விட்டத்திற்குட்பட்ட மறுதாம்புக் கொம்புகளுக்கு உரிமம் வேண்டுவதில்லை. முறைப்படி பருவத்தில் வெட்டுபவருக்கு அலைச்சல் இல்லை. பருக்கவிட்டவரே விண்ணப்பத்துடன் காத்திருத்தல் வேண்டும்.