பட்டங்களைத் துறந்த மணி ஐயர்!

ஆபிரகாம் லிங்கன் 1834-இல் இல்லினாய் மாகாண சட்டப்பேரவைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அதன் பிறகே வழக்குரைஞரானார். இரும்பையில் என் வீட்டுத் திண்ணையில் இதைப் பேசிக் கொண்டிருந்தபோது, திண்டிவனத்தில் வழக்குரைஞராக உள்ள என் முன்னாள் மாணவர், 'நம்மிடையே அப்படி யாருமில்லையா, ஐயா?' என்று கேட்டார். இருந்தார்கள். அவர்களுள் முதன்மையானவர், 'மணி ஐயர்' என்று அழைக்கப்பட்ட எஸ். சுப்பிரமணிய ஐயர்.

1842-இல் மதுரையில் பிறந்த அவர், அங்கேயே வழக்குரைஞராகப் புகழ்பெற்றார். 1884-இல் சென்னை மாகாண சட்ட மேலவையில் நியமிக்கப்பட்டார். லிங்கனை அனுப்பியவர்கள் வாக்காளர்கள். இவரை அமர்த்தியதோ அரசு. 1861-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அமைந்த அந்த அவையில், கொண்டுவரப்படும் மசோதாவைப் பற்றி மட்டுமே பேசலாம். நிதிநிலை அறிக்கையை விவாதிக்கவோ, நிர்வாகத்தைக் கேள்வி கேட்கவோ உரிமை இல்லை. வரி செலுத்துவோருக்குக் கணக்குக் கேட்கும் வழியே இல்லாத அவை அது.

1885-இல் பம்பாயில் கூடிய முதல் காங்கிரஸ் மாநாட்டில் அவர் கலந்துகொண்டார். அவைகளில் தேர்ந்தெடுக்கப்பட்டவர்கள் வேண்டும், நிதிநிலை அறிக்கை விவாதிக்கப்பட வேண்டும், கேள்வி கேட்கும் உரிமை வேண்டும் என்று அம்மாநாடு கோரியது. 1892-ஆம் ஆண்டுச் சட்டம் பின்னிரண்டையும் வரம்புகளுடன் வழங்கியது.

1895-இல் சர் டி. முத்துசாமி ஐயரின் மறைவுக்குப் பின், அவரது இடத்தில் சுப்பிரமணிய ஐயர் உயர்நீதிமன்ற நீதிபதியானார். மூன்று முறை தற்காலிகத் தலைமை நீதிபதியாகப் பொறுப்பு வகித்தார். 'திவான் பகதூர்', 'சர்' பட்டங்களும் வந்தன. 1907-இல் ஓய்வு பெற்றார். பெருமையுடன் ஒதுங்கி வாழ்ந்திருக்கலாம். அவரோ 1916-இல் அன்னி பெசன்ட் தொடங்கிய ஹோம் ரூல் லீகின் கௌரவத் தலைவரானார்.

1917 ஜூனில் பெசன்ட் உதகையில் காவலில் வைக்கப்பட்டார். அம்மாதம் 24-ஆம் தேதி, தமது 74-ஆவது வயதில், சுப்பிரமணிய ஐயர் அமெரிக்க அதிபர் உட்ரோ வில்சனுக்கு ஒரு கடிதம் எழுதினார். வில்சனும் ஒரு காலத்தில் வழக்குரைஞராக இருந்தவரே. ஜனநாயகத்துக்காகப் போரிடுவதாக அறிவித்த அமெரிக்காவிடம், இந்தியாவின் நிலையை அவர் எடுத்துரைத்தார். அந்நிய அதிகாரிகள் தங்களுக்கே பெரும் ஊதியம் வழங்கிக் கொள்கிறார்கள். மக்களுக்குக் கல்வியை மறுக்கிறார்கள். இசைவின்றி வரி விதிக்கிறார்கள் என்பவை அவர் முன்வைத்த குற்றச்சாட்டுகள். பொருளியல் மாணவனான எனக்கு, அது அரசியல் விண்ணப்பமாக மட்டுமன்றி ஒரு தேசத்தின் வரவு-செலவுக் கணக்காகவும் தோன்றுகிறது.

கடிதம் பகிரங்கமானதும் ஆட்சியாளர்கள் சினந்தனர். இந்திய விவகாரங்களுக்கான அமைச்சர் மாண்டேகு கண்டித்தார். சுப்பிரமணிய ஐயர் மன்னிப்புக் கேட்கவில்லை. 1918-இல் தம் பட்டங்களைத் துறந்தார். ஜாலியன்வாலா பாக் படுகொலையைக் கண்டித்து தாகூர் 'சர்' பட்டத்தைத் துறக்க முன்வந்தது அதற்கு அடுத்த ஆண்டில்தான். 1924-இல் சுப்பிரமணிய ஐயர் மறைந்தார்.

அன்று உறுப்பினர் இருந்தார், உரிமை இல்லை. இன்று வாக்குரிமை, கேள்வி நேரம், நிதிநிலை விவாதம் எல்லாம் உள்ளன. எனினும், மானியக் கோரிக்கைகள் பல வேளைகளில் விவாதமின்றியே நிறைவேறுகின்றன. அமளியில் கேள்வி நேரம் கரைகிறது. போராடிப் பெற்ற உரிமை, பயன்படுத்தாததாலும் பறிபோகும். பெற்ற பட்டங்களைவிடக் கேட்க வேண்டிய கேள்வியே பெரிது என்று வாழ்ந்து காட்டியவரின் வரலாற்றை, அவைக்குள் நுழையும் ஒவ்வொருவரும் ஒரு முறையேனும் படிப்பது நல்லது.

கட்டுரையாளர்: பேராசிரியர் (ஓய்வு).