பனியில் ஓர் ஏப்ரல் – 6: கைநழுவிய பக்

2015 ஏப்ரல் 11, சனிக்கிழமை இரவு. பாஸ்டன் நகரின் டி.டி. கார்டன் அரங்கு. அமெரிக்கக் கல்லூரி ஐஸ் ஹாக்கியின் தேசிய இறுதிப் போட்டி. பாஸ்டன் பல்கலைக்கழகம் 3, பிராவிடன்ஸ் கல்லூரி 2. ஆட்டம் முடிய இன்னும் 8 நிமிடம் 36 விநாடி.

பிராவிடன்ஸின் தடுப்பாட்டக்காரர் டாம் பரீஸி நடுக்களத்தில் நின்று, பக் எனப்படும் ரப்பர் வட்டைத் தூக்கி அடிக்கிறார். கோல் போட நினைத்து அடித்த அடி அல்ல அது. ஐஸ் ஹாக்கியில் முழு வேகத்தில் முக்கால் நிமிடம் சறுக்கினாலே நுரையீரல் எரியத் தொடங்கிவிடும். அதனால் களைத்தவர்கள் பெஞ்சுக்கு ஓடுவதும் புதியவர்கள் களத்தில் குதிப்பதும் ஆட்டம் நடக்கும்போதே நடந்துகொண்டிருக்கும். அந்த மாற்றத்துக்கு அவகாசம் வேண்டி, பக்கை எதிரணியின் கோடிக்குத் தள்ளிவிடுவார்கள். ஓர் ஆட்டத்தில் இப்படி எத்தனையோ முறை நடக்கும். யாரும் கவனித்துப் பார்ப்பதுகூட இல்லை.

பக் காற்றில் மிதந்து வருகிறது. பாஸ்டனின் கோல்கீப்பர் மாட் ஓ'கானர் நின்றவாக்கிலேயே கையுறையை நீட்டிப் பிடிக்கிறார். பிடித்தாயிற்று. அடுத்த கணம் அது கையுறையிலிருந்து நழுவிக் கீழே விழுகிறது. விழுந்தது எங்கே என்று அவருக்குத் தெரியவில்லை. காலடியில் இருக்கும் என்ற நினைப்பில் முழங்காலை மடக்கி அமர்கிறார். அந்த அசைவிலேயே, கால்களுக்கு இடையில் கிடந்த பக் பின்னால் சறுக்கிக் கோல் கோட்டைத் தாண்டிவிடுகிறது.

3-3. சொந்த ஊரில் ஆடிக்கொண்டிருந்த அணியின் ரசிகர்கள் வாயடைத்துப் போனார்கள்.

இந்தச் சில விநாடிகளின் காணொளியை ஐஸ் ஹாக்கியைப் பற்றி எதுவுமே தெரியாதவர்கள்கூடப் பார்த்திருக்கலாம். பெரிய ஆட்டங்களில் நேர்ந்த தவறுகளைத் தொகுக்கும்போதெல்லாம் அதைச் சேர்த்துவிடுகிறார்கள். அந்த விநாடிகளுக்கு முன்னால் என்ன நடந்தது, பின்னால் என்ன நடந்தது என்பதைச் சொல்லத்தான் இந்த வாரத்தை ஒதுக்கியிருக்கிறேன். அந்தக் கணக்கு இன்னும் சரியாக எழுதப்படவில்லை என்று நினைக்கிறேன்.

*

சென்ற வாரம் யூனியன் கல்லூரியைப் பற்றிப் பார்த்தோம். அப்போது ஏறத்தாழ 2,200 மாணவர்களே படித்த, ஹாக்கி ஆட்டக்காரர்களுக்கு உதவித்தொகை தராதிருந்த அந்தச் சிறிய கல்லூரி, 2014-இல் மினசோட்டா பல்கலைக்கழகத்தை 7-4 என்று வீழ்த்திக் கோப்பையைத் தூக்கியது. அந்த அணிக்கு அடித்தளம் போட்ட பயிற்சியாளர் நேட் லீமன், வெற்றிக்கு மூன்று ஆண்டுகள் முன்பே அங்கிருந்து கிளம்பிவிட்டார். தான் நட்ட மரம் வேறொருவர் காலத்தில் காய்த்ததை அவர் தூரத்திலிருந்துதான் பார்த்தார். 2011-இல் அவர் போய்ச் சேர்ந்த இடம்தான் பிராவிடன்ஸ் கல்லூரி.

ரோட் ஐலண்ட் என்பது அமெரிக்காவின் மிகச் சிறிய மாநிலம். அதன் தலைநகர் பிராவிடன்ஸ். அங்கே டொமினிக்கன் சபைத் துறவியர் 1917-இல் தொடங்கிய கத்தோலிக்கக் கல்லூரி இது. பாஸ்டனிலிருந்து ஏறத்தாழ 80 கிலோமீட்டர். பாஸ்டன் பல்கலைக்கழகம் அதுவரை ஐந்து முறை தேசியக் கோப்பையை வென்றிருந்தது. பிராவிடன்ஸ் ஒருமுறைகூட வென்றதில்லை. 1985-இல் டெட்ராய்ட்டில் இறுதிப் போட்டிவரை போய், ரென்சலேர் அணியிடம் 2-1 என்று தோற்றுத் திரும்பியது. அந்த ஆட்டத்தில் ஓர் அதிசயம் நடந்தது. தொடரின் சிறந்த ஆட்டக்காரர் விருதைத் தோற்ற அணியின் கோல்கீப்பர் கிறிஸ் டெரெரிக்குக் கொடுத்தார்கள். தோல்விக்குள்ளும் ஒருவன் மகத்தாக ஆடியிருக்க முடியும் என்பதை அன்றைக்கு யாரோ கண் திறந்து பார்த்திருக்கிறார்கள். இந்தக் கதையின் முடிவுக்கு அது தேவைப்படும், நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

2015-இல் பிராவிடன்ஸ் தேசியப் போட்டிக்குள் நுழைந்ததே மயிரிழையில்தான். மொத்தம் 16 அணிகள். அந்த ஆண்டு ஆறு வட்டாரக் கூட்டமைப்புகளின் வெற்றியாளர்களுக்கு நேரடி இடம். மீதிப் பத்து இடங்களும் ஆண்டு முழுவதும் ஆடிய ஆட்டங்களை வைத்து, ஒவ்வோர் அணியையும் மற்ற ஒவ்வோர் அணியோடும் ஒப்பிட்டுப் போடும் கணக்கின்படி கிடைக்கும். பிராவிடன்ஸ் தன் கூட்டமைப்பின் காலிறுதியிலேயே தோற்றுவிட்டது. அதன்பின் ஏறக்குறைய இரண்டு வாரம் ஆட்டமே இல்லை. மற்ற ஊர்களில் மற்றவர்கள் ஆடுவதைப் பார்த்துக்கொண்டு, கணக்கு எந்தப் பக்கம் சாயும் என்று காத்துக் கிடந்தார்கள். கடைசியில் அந்தப் பத்து இடங்களில் பத்தாவது அவர்களுக்கு வந்தது. பந்தியில் கடைசி இலை.

உள்ளே வந்தபின் ஆட்டம் வேறு. இந்தத் தொடரில் ஒரு தோல்வி என்றால் மூட்டை கட்ட வேண்டியதுதான். நான்கு ஊர்களில் நான்கு நான்கு அணிகளாகப் பிரித்து ஆடவிட்டு, ஒவ்வோர் ஊரிலிருந்தும் ஓர் அணி தேறும். தேறிய நான்கு அணிகள் ஏப்ரலில் ஒரே அரங்கில் கூடும். அந்தக் கூடலுக்குத்தான் ஃப்ரோஸன் ஃபோர் என்று பெயர். வியாழக்கிழமை அரையிறுதி, சனிக்கிழமை இறுதி.

பிராவிடன்ஸுக்கு வட்டார ஆட்டங்கள் சொந்த ஊரிலேயே அமைந்தன. முதலில், அந்த வட்டாரத்தின் முதலிடத்தில் இருந்த ஒஹாயோவின் மயாமி பல்கலைக்கழகம். பிராவிடன்ஸ் நன்றாக முன்னேறியிருந்தபோது, மயாமி தன் கோல்கீப்பரை வெளியே எடுத்துவிட்டு, கூடுதலாக ஒரு தாக்குதல் ஆட்டக்காரரை இறக்கியது. வழக்கமாகக் கடைசி ஓரிரு நிமிடங்களில் எடுக்கும் முடிவு அது. மயாமி மிக முன்கூட்டியே துணிந்தது. காலியாக நின்ற வலையைப் பின்னால் வைத்துக்கொண்டு கோல்மேல் கோலாகப் போட்டு மூச்சு முட்டவைத்தது. கடைசியில் பிராவிடன்ஸ் 7-5 என்று தப்பிப் பிழைத்தது. மறுநாள் டென்வரை 4-1. பாஸ்டனில் நடந்த அரையிறுதியில் ஒமாஹாவை மறுபடி 4-1.

*

எதிரே நின்ற பாஸ்டன் பல்கலைக்கழகத்தின் பலம் வேறு மாதிரியானது. அவர்கள் அணியில் ஜாக் ஐக்கெல் இருந்தார். முதலாண்டு மாணவராகவே, கல்லூரி ஹாக்கியின் மிக உயர்ந்த விருதான ஹோபி பேக்கர் விருதை வென்றவர். இறுதி ஆட்டத்துக்கு முந்தின நாள் வெள்ளிக்கிழமைதான் அந்த விருதை அறிவித்தார்கள். அந்த ஆண்டு ஜூனில் தொழில்முறை அணிகள் இளம் ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுத்தபோது, மொத்தத்தில் இரண்டாவதாக அழைக்கப்பட்டவர் அவர்.

இருந்தும் பாஸ்டன் இறுதிக்கு வந்த வழி, ஐக்கெலின் வழி மட்டும் அல்ல. வட்டார ஆட்டங்களில் யேல் அணியைக் கூடுதல் நேரத்தில் 3-2. மினசோட்டா டுலூத்தை மறுபடி 3-2. ஒரே கோல் வித்தியாசத்தில் இரண்டு வெற்றிகள். அப்படிப்பட்ட ஆட்டத்தில் இன்னும் ஒரே ஒரு பக் உள்ளே போயிருந்தால் கதை வேறு. அந்த ஒரு பக்கை உள்ளே விடாமல் நின்றவர் யார்? ஓ'கானர்தான். டொரண்டோவிலிருந்து வந்தவர், நெடிய உருவம். எந்தத் தொழில்முறை அணியும் முன்பதிவு செய்து வைக்காத ஆட்டக்காரர். பாஸ்டனை இறுதிக்குக் கொண்டுவந்த தோள்களில் அவருடைய தோளும் ஒன்று. காணொளியில் அந்த இரண்டு ஆட்டங்களும் இல்லை.

இறுதி ஆட்டத்தில் முதல் கோல் பிராவிடன்ஸுடையது. பிறகு பாஸ்டன் நான்கே விநாடி இடைவெளியில் இரண்டு கோல் போட்டது. முதல் கோலுக்குப் பின் நடுவில் பக்கை வைத்து ஆட்டத்தை மறுபடி தொடங்குகிறார்கள். பக் தரையைத் தொட்டதும் பாய்ந்து எடுத்துப்போய் அடுத்த கோல். ரசிகர்கள் முதல் கோலுக்குத் தட்டிய கை இன்னும் நிற்கவில்லை. மற்ற அணியாக இருந்தால் அங்கேயே உடைந்திருக்கும். பிராவிடன்ஸ் 2-2 என்று சமன் செய்தது. பாஸ்டன் 3-2 என்று மறுபடி முன்னேறியது. அப்போதுதான் பரீஸி பக்கைத் தூக்கி அடித்தார்.

அதன்பின் இரண்டு நிமிடங்களுக்குச் சற்றுக் கூடுதலான நேரத்தில் பிராவிடன்ஸின் பிராண்டன் டானெவ் அடித்த கோல்தான் வெற்றிக் கோல். 4-3. கல்லூரியின் வரலாற்றில் முதல் தேசியக் கோப்பை. டெட்ராய்ட் தோல்விக்குச் சரியாக முப்பது ஆண்டுகள் கழித்து.

*

இப்போது கோல்கீப்பரின் தொழிலைக் கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்ப்போம்.

வலையின் வாய் ஆறடி அகலம், நான்கடி உயரம். பக் என்பது கெட்டி ரப்பர் வட்டு. மூன்று அங்குல விட்டம், ஓர் அங்குலத் தடிமன், ஏறத்தாழ 170 கிராம் எடை. ஐஸில் துள்ளாமல் சறுக்க வேண்டும் என்பதற்காக ஆட்டத்துக்கு முன் அதை உறையவைத்துத்தான் எடுத்துவருவார்கள். கையில் எடுத்தால் கல்லாட்டம் கனக்கும். நல்ல ஆட்டக்காரர் ஓங்கி அடித்தால் மணிக்கு 140 கிலோமீட்டருக்கும் மேல் பறக்கும். கோல்கீப்பரின் ஒரு கையில் கிரிக்கெட் விக்கெட் கீப்பரின் கையுறையைவிடப் பெரிய, வலைபோல் பின்னிய பிடிக்கும் கையுறை; மறுகையில் தட்டையான பலகை போன்ற காப்பு. காலில் தொடைவரை வரும் தடித்த காப்புகள். முகத்தில் கம்பிக்கூண்டு. மற்ற ஐவரும் நிமிடத்துக்கொரு முறை பெஞ்சுக்குப் போய் இளைப்பாறுவார்கள். கோல்கீப்பர் மட்டும் அறுபது நிமிடமும் அதே இடத்தில்.

வேகமாக வரும் பக்கைவிட மெதுவாக மிதந்து வரும் பக்தான் ஆபத்தானது என்பார்கள் இந்தத் தொழிலில் இருப்பவர்கள். வேகமாக வரும்போது உடம்பு தானாகவே வேலை செய்யும், பழக்கம் பார்த்துக்கொள்ளும். மெதுவாக வரும்போது மனத்துக்கு அவகாசம் கிடைத்துவிடுகிறது. பிடிப்பதற்கு முன்பே, பிடித்தபின் யாரிடம் தள்ளலாம் என்று கண் அந்தப் பக்கம் போய்விடும். சமையலறையில் கொதிக்கும் பாத்திரத்தைக் கீழே போடாத கை, காலி டம்ளரைப் போட்டுவிடும் அல்லவா, அதுபோல.

ஆனைக்கும் அடி சறுக்கும் என்று நம்மிடம் ஒரு பழமொழி இருக்கிறது. ஆறுதலுக்குச் சொல்வது. சறுக்கிய ஆனை அதன்பின் எப்படி எழுந்து நின்றது என்பதைப் பழமொழி சொல்வதில்லை. ஓ'கானர் எழுந்து நின்றார். நழுவிய அந்தப் பக்குக்குப் பின் மீதி நிமிடங்கள் அவர்தான் அந்த வலைக்கு முன் நிற்க வேண்டியிருந்தது. ஆட்டம் முடிந்ததும் ஒளிந்துகொள்ளவில்லை. செய்தியாளர்கள் முன் வந்து, கண் கலங்கியபடியே, பழியைத் தன்மேல் போட்டுக்கொண்டு பேசினார். இருபதுகளின் தொடக்கத்தில் இருந்த ஓர் இளைஞன், தன் வாழ்வின் மிக மோசமான இரவில், கேட்ட கேள்விக்கெல்லாம் பதில் சொன்னான். அந்த வசந்த காலத்திலேயே தொழில்முறை அணியான ஒட்டாவா செனட்டர்ஸ் அவரோடு ஒப்பந்தம் போட்டது. ஒரு பக்கை வைத்து ஒரு கோல்கீப்பரை அளக்கக் கூடாது என்று தொழில் தெரிந்தவர்களுக்குத் தெரிந்திருந்தது.

எதிர்க்கோடியில் நின்றவர் ஜான் கில்லீஸ். பிராவிடன்ஸின் கோல்கீப்பர். அன்றிரவு அவர் தடுத்தவை 49. தொடரின் சிறந்த ஆட்டக்காரர் விருது அவருக்கு. 49 முறை அவருடைய உடம்பும் கையுறையும் காலும் பக்கின் பாதையில் சரியான நொடியில் இருந்தன. அந்த 49-இல் எதையாவது இன்று யாராவது நினைவிலிருந்து சொல்கிறார்களா? பாஸ்டன் 3-2 என்று முன்னணியில் இருந்தபோது கில்லீஸ் இன்னும் ஒன்றை விட்டிருந்தால், பரீஸியின் அந்த அடியால்கூட ஆட்டம் சமனாகியிருக்காது. அதிர்ஷ்டம் பிராவிடன்ஸின் கதவைத் தட்டியது உண்மை. அது வந்து தட்டும்வரை வீடு இடிந்துவிடாமல் தாங்கிப் பிடித்தது அந்த 49.

நான் எழுத நினைத்த கணக்கு இதுதான். நம் நினைவு நழுவியதை மட்டும் எழுதி வைத்துக்கொள்கிறது, தடுத்ததை எழுதுவதில்லை. ஓ'கானர் தடுத்தவையும் அதில் விட்டுப்போகின்றன, கில்லீஸ் தடுத்தவையும் விட்டுப்போகின்றன. 1985-இல் டெட்ராய்ட்டில் தோற்ற கோல்கீப்பருக்கு விருது கொடுத்தவர்கள், ஓர் இரவாவது கணக்கை முழுதாக எழுதினார்கள்.

இந்த ஆட்டத்தில் ஒரு வழக்கம் உண்டு. இறுதிச் சங்கு ஒலித்ததும் வென்றவர்கள் முதலில் ஓடுவது கோல் போட்டவரிடம் அல்ல, கோல்கீப்பரிடம். கையுறைகளையும் ஸ்டிக்குகளையும் காற்றில் வீசிவிட்டுப் போய் அவர்மேல் விழுவார்கள். தோற்றவர்களும் தங்கள் கோல்கீப்பரிடம்தான் போவார்கள்; ஸ்டிக்கால் அவர் கால்காப்பை மெதுவாக ஒரு தட்டு. பேச்சு எதுவும் இருக்காது. பிறகு இரண்டு அணிகளும் எதிரெதிர் வரிசையில் நின்று, ஒருவர் விடாமல் கை குலுக்கியபடி கடந்துபோவார்கள். அப்போது கையுறையைக் கழற்றிவிட வேண்டும். வெறுங்கையைத்தான் நீட்ட வேண்டும்.

(அடுத்த வாரம்: 2023, டாம்பா. கூடுதல் நேரம் தொடங்கிப் பத்தே விநாடியில் முடிந்த இறுதிப் போட்டி.)