லாரிக்கு ஒண்ணுமில்ல பாஸ்... லேப்டாப்புக்குத்தான்!

ஜேடர்பாளையம் தடுப்பணைக்குக் குளிக்கப் போயிருப்பீங்க, மீன் வறுவலை ஒரு கட்டு கட்டியிருப்பீங்க. போற வழியில் நாமக்கல் பக்கம் லாரிப் பட்டறைகளைக் கவனிச்சீங்களா? ஸ்பானருக்குப் பக்கத்திலேயே ஒரு லேப்டாப்பும் கிரீஸ் பூசிக்கிட்டு உட்கார்ந்திருக்கும். 2020 ஏப்ரலில் பி.எஸ்.6 வந்த பிறகு, புகைச் சென்சார் கோளாறைக் கவனிக்காமல் ஓட்டினால் இன்ஜின் தானாகவே இழுவையைக் குறைத்துக்கொள்ளும். என்ன கோளாறு என்று சொல்ல டயக்னாஸ்டிக் சாஃப்ட்வேர் வேணும்.

அந்த நேரம் பார்த்து 'ஹார்டுவேர் ஐ.டி. பொருந்தவில்லை' என்று திரையில் வந்தால்? லாரி நிற்கும். டியூ தேதி நிற்காதே!

விஷயம் இதுதான். மதர்போர்டு, ஹார்டு டிஸ்க், நெட்வொர்க் கார்டு... இவற்றின் நம்பர்களைக் கலந்து சாஃப்ட்வேர் ஒரு கைரேகை எடுத்து வைத்துக்கொள்ளும். எதை எதைக் கலக்கும் என்பது கம்பெனிக்குக் கம்பெனி மாறும். லைசென்ஸ் அந்தக் கைரேகைக்குத்தான், காசு கொடுத்த உங்களுக்கு இல்லை! 'ஸ்லோவா இருக்கே' என்று எஸ்.எஸ்.டி. மாட்டினால், சாஃப்ட்வேருக்கு நீங்கள் வேற்றாள்.

உடனே ஃபார்மட் அடிக்காதீங்க, ப்ளீஸ். முதலில் தேதியைப் பாருங்க. பழைய லேப்டாப்பில் மதர்போர்டு பேட்டரி செத்தால் தேதி பல வருஷம் பின்னால் போய்விடும், லைசென்ஸும் மிரளும். கழற்றிய யு.எஸ்.பி. வைஃபையைத் திரும்பச் செருகுங்க. விண்டோஸில் 'ரேண்டம் ஹார்டுவேர் அட்ரஸ்' ஆன் ஆகியிருந்தால் ஆஃப் பண்ணுங்க. நிஜமாகவே பாகம் மாறியிருந்தால், புது ஐ.டி.யை பில் நம்பரோடு விற்றவருக்கு அனுப்பி லைசென்ஸை ரீசெட் செய்யச் சொல்வதுதான் வழி. டிஸ்க் மாற்றும் முன்பே 'டீஆக்டிவேட்' கொடுத்திருந்தால் இந்த அலைச்சலே இல்லை.

'கிராக் இருக்கு மச்சி' என்று ஒரு குரல் வரும். ஆன்டிவைரஸை அணைக்கச் சொல்லும் அந்த ஃபைலை நம்பியா இன்ஜின் கம்ப்யூட்டருக்குள் எழுதப் போறீங்க? பாதியில் நின்றால் அந்தப் பெட்டியே காலி.

பூட்டு நியாயமா என்பது தனிச் சண்டை. அமெரிக்க விவசாயிகள் டிராக்டருக்காக வருஷக்கணக்கில் மல்லுக்கட்டி, 2023 ஜனவரியில் அவர்களுடைய கூட்டமைப்போடு ஜான் டியர் ஒப்பந்தம் போட்டது. நம்ம மத்திய நுகர்வோர் துறை 2022-ல் 'ரிப்பேர் உரிமை'க்குக் குழு போட்டது. அதன் பட்டியலில் வண்டிகளும் உண்டு.

அதுவரைக்கும்? சாஃப்ட்வேர் நல்லா ஓடும்போதே ஐ.டி.யை செல்போனில் ஒரு போட்டோ எடுத்து வையுங்க. பில்லையும் சேர்த்து!