ஒரு பவுண்டும் ஆறு குதிரைகளும்

டீ ஆறுவதற்குள் ஒரு பெருக்கல் கணக்கைப் பார்த்துவிடலாம். அது பிடிபட்டால் 1957-இல் வந்த ‘ஜஸ்ட் மை லக்’ என்ற பிரிட்டிஷ் நகைச்சுவைப் படம் இரண்டு மடங்கு இனிக்கும்.

நார்மன் விஸ்டம் அதில் நகைப் பட்டறைத் தொழிலாளி. எதிர்க்கடையின் கண்ணாடி ஜன்னலை அலங்கரிக்கும் பெண்ணுக்கு ஒரு வைரப் பதக்கம் வாங்கித் தர ஆசை, கையில் காசில்லை. குட்வுட் குதிரைப் பந்தய மைதானத்தில் எட்டி டயமண்ட் என்ற ஜாக்கி ஓட்டும் ஆறு குதிரைகள்மேல் ஒரே ஒரு பவுண்டைக் கட்டுகிறார்.

இந்தப் பந்தயத்துக்கு அக்யுமுலேட்டர் என்று பெயர். முதல் குதிரை ஜெயித்தால் பணம் கைக்கு வராது. மொத்தமும் அப்படியே அடுத்த குதிரைமேல் ஏறும். ஒவ்வொன்றுக்கும் ‘ஒன்றுக்கு நாலு’ என்று வைத்துக்கொள்வோம். போட்டதும் சேர்த்து ஐந்து மடங்கு திரும்பும். 5, 25, 125, 625, 3,125, 15,625. அன்றைய இங்கிலாந்தில் 625 பவுண்டு என்பதே ஒரு தொழிலாளியின் ஏறக்குறைய ஓராண்டுச் சம்பளம். ஆனால் எந்தப் படியில் சறுக்கினாலும் எல்லாம் போச்சு. ஒவ்வொரு குதிரை ஜெயிக்கும்போதும் நமக்குச் சிரிப்போடு படபடப்பும் ஏறுவது இதனால்தான்.

அப்படியானால் பந்தயப் பணம் வாங்கும் புக்கி ஏன் இதை ஏற்றுக்கொள்கிறார்? தன் பங்கை ஒதுக்கிக்கொண்டுதான் அவர் விலை சொல்வார். ஐந்து மடங்கு தரும் குதிரைக்கு உண்மையில் ஆறில் ஒரு வாய்ப்புதான் என்று வையுங்கள். ஆறை ஆறு முறை பெருக்கினால் 46,656. அத்தனை முறை கட்டினால் சராசரியாக ஒரு முறை பலிக்கும். அப்போது கிடைப்பது 15,625. மூன்றில் ஒரு பங்குதான்! நம் பணம் பெருகும் ஒவ்வொரு படியிலும் புக்கியின் பங்கும் கூடவே பெருகுகிறது.

எப்போதாவது அந்த ஒரு முறை வந்துவிடும். 1996 செப்டம்பர் 28, அஸ்கட் மைதானம். ஃபிராங்கி டெட்டோரி என்ற ஜாக்கி அன்றைய ஏழு ஓட்டங்களிலும் ஜெயித்தார். தொடராகக் கட்டியவர்களுக்கு ஒன்றுக்கு 25,051. ஆறு முடிந்ததுமே மைதானத்துக்கு வெளியே பந்தயம் வாங்கியிருந்த புக்கிகள் நஷ்டத்தைக் குறைக்க, ஏழாவது குதிரையான ஃபுஜியாமா கிரெஸ்ட்மேல் மைதானத்தில் தாங்களே பணத்தைக் கொட்டினார்கள். காலையில் ஒன்றுக்கு 12 இருந்த விலை 2-க்கு இறங்கியது. குதிரை ஜெயித்தது, புக்கிகளுக்குக் கோடிக்கணக்கில் அடி.

படம் பார்க்கும்போது பக்கத்தில் ஒரு துண்டுத்தாள் வைத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு ஓட்டம் முடிந்ததும் ஒரு பக்கம் ஐந்தால் பெருக்குங்கள், மறுபக்கம் ஆறால். நார்மனுக்காக மனமாரக் கைதட்டுங்கள். பந்தயம் கட்ட எப்போதாவது கை துறுதுறுத்தால், அந்தத் தாளின் மறுபக்கத்தை எடுத்துப் பாருங்கள்.