ஈழத்துப் பொப் இசையும் ஏ. ஈ. மனோகரனும்

ஒரு நாட்டு மக்களின் இசைவளத்தைப் பண்ணிசையால் மட்டும் அளந்துவிடல் இயலாது. தெருவிலும் திருமண வீட்டிலும் மக்கள் தாமே விரும்பிப் பாடும் பாடல்களும் ஆராயத்தக்கனவே. ஈழத்தில் அத்தகைய பாடல்களாற் பெரும்புகழ் எய்தியவர், தமிழகத்தார் ‘சிலோன் மனோகர்’ என அழைத்த ஏ. ஈ. மனோகரன் ஆவர்.

அவர் பாடிய பொப் இசையின் வேர்களுள் ஒன்று ‘பைலா’. ஆடலைக் குறிக்கும் போர்த்துக்கேயச் சொல்லின் வழிவந்தது இப்பெயர். ஆபிரிக்க வழியினரான காப்பிரியரின் தாளமும் இதனோடு கலந்தது. 1619இல் யாழ்ப்பாண அரசைக் கைப்பற்றிய போர்த்துக்கேயர் நம் ஊர்காவற்றுறைக்குக் ‘கயிற்ஸ்’ என்னும் பெயரை விட்டுச் சென்றனர். அவர் வழிவந்த இசையோ இலங்கைக் கரைகளில் நிலைத்தது.

மனோகரனின் ‘சுராங்கனி’ இவ்விசைக்குச் சிறந்த சான்று. சுராங்கனி என்பாளுக்கு மீன் கொண்டுவந்த செய்தியே அதன் பொருள். சிங்களமும் தமிழும் அதிற் கலந்து வருதலின் இரு மொழியினரும் அதனைத் தமதாகவே பாடினர். 1977இல் ‘அவர் எனக்கே சொந்தம்’ என்னும் தமிழகத் திரைப்படத்தில் இளையராஜாவும் அப்பாடலை எடுத்தாண்டார்.

இலங்கையைத் தாய்த் திருநாடெனப் போற்றும் பாடலும் மனோகரன் குரலில் ஒலித்ததே. 1983இன் கொடுமைகளை அறிந்தோர் அதனை இன்று கேட்பின், அப்பாடலின் நம்பிக்கையும் பின் நேர்ந்த இழப்பும் ஒருங்கே புலனாகும். நடிப்பிலும் அவர் ஈடுபட்டார். நெடுந்தீவுக் கரையைக் களமாகக் கொண்ட செங்கை ஆழியானின் ‘வாடைக்காற்று’ 1978இல் திரைப்படமானபோது அதில் நடித்தார். பின்னர்த் தமிழகம் சென்று திரைப்படங்களில் நடித்த அவர், 2018 சனவரி 22இற் சென்னையிற் காலமானார்.

இப்பாடல்கள் இலேசானவை என்பார் உளர். இலேசாயினும் வெறுமையானவை அல்ல. மனோகரனைப் போன்றே இத்துறையிற் புகழ்பெற்ற நித்தி கனகரத்தினத்தின் ‘சின்ன மாமியே’, யாழ்ப்பாணத்துப் பேச்சு வழக்கை எள்ளலோடு இசையில் ஏற்றியது. அவருடைய ‘கள்ளுக்கடைப் பக்கம் போகாதே’ பனைவளம் மிக்க நம் ஊர்களுக்கு ஏற்ற அறிவுரையாயிற்று. இலங்கை வானொலி இத்தகைய பாடல்களைக் கடலுக்கு அப்பாலும் கொண்டு சென்றது.

ஆயின், பாடல் பரவப் பரவ ஆக்கியோன் பெயர் மறைதல் இயல்பு. ‘சின்ன மாமியே’ பாடுவோருட் பலர் அதனை இயற்றியவரை அறியார். 1990இல் தீவக மக்கள் பெருமளவில் இடம்பெயர்ந்தபோது பாடல்கள் அவர்தம் நாவோடு சென்றன. இசைத்தட்டுக்களோ வீடுகளிலேயே தங்கின. எஞ்சியவற்றைத் தேடி, இயற்றியவர், மெட்டமைத்தவர், பாடியவர் இன்னாரெனப் பிரித்துப் பதிவு செய்தல் கற்றோர் கடனாகும். நாட்டார் பாடல்களுக்கு நேர்ந்த பெயரிழப்பு நம் காலத்துப் பாடல்களுக்கும் நேர விடலாகாது.