எட்டும் எட்டாததும்

பதினாறு வயது! மீசை அரும்பும் வயது. மிதிவண்டி கசந்து மோட்டார் இனிக்கும் வயது. பதினோராம் வகுப்பிலே அரசு கொடுத்த சைக்கிள் திண்ணையோரம் சாய்ந்து கிடக்கிறது. தகப்பன் ஆலைக்கு ஓட்டிப்போகும் மொபெட்டின் மீதே பிள்ளையின் கண் மொய்க்கிறது. "கடை வரைக்கும்தான் அப்பா, இதோ வந்துவிடுகிறேன்" என்கிறான். தாய் சிரிக்கிறாள், தகப்பன் மகிழ்கிறான். பையன் கெட்டிக்காரன், பாங்காக ஓட்டுகிறான் என்று பக்கத்து வீட்டாரிடம் பெருமையும் பேசிக்கொள்கிறார்கள். சாவி கைமாறுகிறது.

சாவியைத்தான் கொடுத்தோம் என்று அவர்கள் நினைக்கிறார்கள், தோழர்களே! சாவியோடு சேர்த்துச் சிறைக்கதவையும் தமக்காகத் திறந்து வைக்கிறார்கள் என்பதை யார் போய்ச் சொல்வது?

மிரட்டுகிறேன் என்று எண்ணாதீர்கள். மோட்டார் வாகனச் சட்டம் 1988-ல் வந்தது, 2019-ல் திருத்தப்பட்டது. அந்தத் திருத்தத்திலே 199-ஏ என்று ஒரு பிரிவு. பதினெட்டு நிரம்பாத பிள்ளை வண்டி ஓட்டி இந்தச் சட்டத்தின்படி குற்றம் புரிந்தால், கூண்டிலே நிற்கவேண்டியவர் அவனுடைய பெற்றோர் அல்லது வண்டியின் சொந்தக்காரர். மூன்றாண்டு வரை சிறை. 25,000 ரூபாய் அபராதம். வண்டியின் பதிவு 12 மாதத்துக்கு ரத்து. பிள்ளைக்கோ, 25 வயது ஆகும்வரை உரிமம் கிடையாது. பழகுநர் உரிமம்கூடக் கிடையாது.

"எனக்குத் தெரியாமல் எடுத்துப் போனான் என்று சொல்லிவிட்டால்?" என்று கேட்பார் ஒரு தோழர். சொல்லலாம். ஆனால் மெய்ப்பிக்க வேண்டியவர் நீங்கள்! உங்கள் சம்மதத்தோடுதான் ஓட்டினான் என்றே நீதிமன்றம் முதலில் கொள்ளவேண்டும் என்று சட்டத்திலேயே எழுதி வைத்திருக்கிறார்கள். தெரியாது என்பதையோ, தடுக்க வேண்டியதையெல்லாம் செய்தேன் என்பதையோ எடுத்துக்காட்டும் சுமை, ஷிப்டு முடிந்து வீடு திரும்பும் தகப்பனின் தோளிலே.

இவ்வளவு கடுமையான பிரிவிலே ஒரு சிறு வாசலும் உண்டு. மூன்றாம் உட்பிரிவு அது. பிள்ளை பழகுநர் உரிமம் பெற்றிருந்து, அந்த உரிமத்துக்கு உட்பட்ட வண்டியைத்தான் ஓட்டினான் என்றால், இந்தத் தண்டனை தகப்பனைத் தொடாது. ஒரு தாள்! எல்.எல்.ஆர். என்று ஊரிலே சொல்கிறோமே, அந்த ஒரு தாள்! அது இருந்தால் வீடு; இல்லாவிட்டால் வழக்கு.

சட்டம் எல்லோருக்கும் ஒன்றுதானே என்பார்கள். ஒன்றுதான், ஏட்டிலே! 2024 மே 19-ஆம் நாள் புனே நகரத்தில் நடந்ததை நாடே பார்த்தது. சீமான் வீட்டு போர்ஷே கார். இருசக்கர வண்டியிலே போன இரண்டு இளம் பொறியாளர்கள் அடிபட்டு மாண்டார்கள். காரை ஓட்டியவன் 17 வயதுச் சிறுவன் என்பது குற்றச்சாட்டு. சிறார் நீதி வாரியம் அன்றே ஜாமீன் கொடுத்தது. நிபந்தனைகளிலே ஒன்று என்ன தெரியுமா? சாலை விபத்து பற்றி 300 சொல்லிலே கட்டுரை எழுதவேண்டும்! நாடு கொதித்தது. கொதித்த பிறகு உத்தரவு மாறியது, தகப்பன் கைதானார், காரின் பதிவைப் பற்றியும் பேச்சு எழுந்தது. ஒர்க் ஷாப்பிலே கிரீஸ் கையோடு நிற்கும் பையன், சோதனை ஓட்டத்துக்கு வண்டியை எடுத்து ஒருவர் மீது மோதியிருந்தால், அவனிடம் தாளும் பேனாவும் கொடுத்துக் கட்டுரை எழுதச் சொல்லியிருப்பார்களா? "ஏறுடா ஜீப்பிலே" என்றிருப்பார்களா? கொதிப்பதற்கு நாடு கிடைத்திருக்குமா அவனுக்கு? ஆகவேதான் சொல்கிறேன், தாள் நமக்குத்தான் அதிகம் தேவை.

இனி அந்தப் பதினாறு வயது விவகாரம். பதினாறிலேயே ஓட்டலாம் என்று சட்டம் சொல்கிறதே, பெற்றவர் எழுத்து மூலம் சம்மதம் கொடுத்தால் எல்.எல்.ஆர். கிடைக்குமே என்று விவரம் தெரிந்தவர்கள் சொல்வார்கள். உண்மை. ஆனால் எந்த வண்டியை ஓட்டலாம் என்பதைக் கவனிக்க வேண்டும். கியர் இல்லாத வண்டி. இஞ்சின் 50 சி.சி.க்கு மேற்படாத வண்டி. லூனா ஓடிய காலத்திலே, 1980-ல் ஓசூரிலிருந்து டி.வி.எஸ். 50 கிளம்பி வந்த காலத்திலே, அது அளவெடுத்துத் தைத்த சட்டை. வண்டியின் பெயரே ஐம்பதல்லவா! இன்று அந்தக் குடும்பத்து வண்டியின் பெயர் எக்ஸ்.எல். 100. இஞ்சின் 99.7 சி.சி. ஸ்கூட்டர்களோ நூற்றுப்பத்து, நூற்றிருபத்தைந்து என்று கொழுத்துவிட்டன. கடைத்தெருவிலே வண்டி வளர்ந்தது. சட்டப் புத்தகத்திலே ஐம்பது ஐம்பதாகவே உட்கார்ந்திருக்கிறது. பந்திக்கு வா என்று அழைத்து, இலை போட்டு, தண்ணீரும் தெளித்துவிட்டு, சோறு சமைக்கவில்லை என்று சொன்னால் அது விருந்தா?

இதிலே வேடிக்கை மட்டுமல்ல, ஆபத்தும் இருக்கிறது. பையன்தான் எல்.எல்.ஆர். வாங்கிவிட்டானே என்று நம்பி, எக்ஸ்.எல். சாவியை அவனிடம் கொடுத்தால், அந்தத் தாள் காப்பாற்றாது. உரிமத்துக்கு உட்பட்ட வண்டி என்றல்லவா சட்டம் சொல்கிறது? பதினாறு வயதுத் தாளுக்குள்ளே 99.7 அடங்காது. பெட்ரோல் வேண்டாம், பாட்டரி வண்டி வாங்கித் தருகிறேன் என்பவர்களும் பார்த்து வாங்கவேண்டும். மோட்டார் 250 வாட்டுக்கும், வேகம் மணிக்கு 25 கிலோமீட்டருக்கும் குறைந்ததாய், அதற்கான சான்றும் பெற்றதாய் இருந்தால் அது மோட்டார் வாகனமே அல்ல, உரிமம் தேவையில்லை. அதற்கு மேற்பட்டதென்றால், சத்தம் போடாமல் ஓடினாலும் சட்டத்துக்கு அது மோட்டார் வண்டிதான்.

பெரும்பாலான வீடுகளுக்கு வழி ஒன்றுதான்: பதினெட்டு வரை பொறுப்பது. பதினெட்டு முடிந்த அன்றைக்கே போவது.

போனால் வாசலிலே நிற்பார் ஒருவர்.

"என்ன வேணும் அண்ணே?"

"பையனுக்கு எல்.எல்.ஆர். எடுக்கணும் தம்பி."

"ஐயோ, பாரம் எழுதணும், பரீட்சை இருக்கு, கம்ப்யூட்டர் கேள்வி கேட்கும், பெயிலாக்கிப்புடும். ஒரு நாள் கூலியை ஏன் விடுறீங்க? நான் முடிச்சுத் தரேன்."

ஒரு நாள் கூலி போகக்கூடாது என்பதற்காக மூன்று நாள் கூலியை அவரிடம் கொடுத்துவிட்டு வருகிறோம். அரசு கேட்பது எவ்வளவு? 2016 டிசம்பரில் திருத்திய நடுவண் அரசின் அட்டவணைப்படி, பழகுநர் உரிமத்துக்கு ஒரு வகை வண்டிக்கு 150 ரூபாய். தேர்வுக்கு 50 ரூபாய். அதற்கு மேல் மாநிலத்தின் சேவைக் கட்டணம் சிறிது. விண்ணப்பத்தைக் கணினியிலேயே போடலாம். அந்தத் தளத்துக்குச் 'சாரதி' என்று பெயர் வைத்திருக்கிறார்கள் டில்லியிலே. ஓட்டுநர் என்றால் ஓடாதோ வண்டி! போகட்டும், தேர்வைத் தமிழிலேயே எழுதலாம், அதுவரை நன்று. நூற்றுக்கு அறுபது சரியாக இருந்தால் தேர்ச்சி. கேட்பது வானசாத்திரமல்ல. முக்கோணப் பலகை எச்சரிக்கை. வட்டப் பலகை கட்டளை. நீலச் சதுரம் செய்தி. குறுக்குச் சாலையிலே யாருக்கு வழிவிடுவது, விபத்து நேர்ந்தால் அடிபட்டவனுக்கு ஓட்டியவன் செய்யவேண்டிய கடமை என்ன? இதைத் தரகர் எழுதி, மகன் எழுதாமல் வந்தால், கஷ்டப்பட்டு நாம் காசு கொடுத்து வாங்கியது எதை? மகனுடைய அறியாமையை!

மகன், மகன் என்றே எழுதுகிறேனே, மகள் இல்லையா? இரவு ஷிப்டு முடிந்து கம்பெனி வேனுக்குக் காத்து நிற்கும் பெண்ணுக்கு அந்தத் தாளினால் ஆகும் பயன், டீக்கடை வரை சுற்றும் அண்ணனுக்கு ஆகும் பயனைவிடப் பெரிது. அவளுக்கும் சேர்த்துப் போடுங்கள் விண்ணப்பம்.

இப்போது லாரிப் பட்டறைத் தோழர்களுக்கு வருகிறேன். சங்ககிரியிலும் நாமக்கல்லிலும் கிளீனராக ஏறி, ஜாக்கி தூக்கி, ஸ்பேனர் பிடித்து, சத்தத்தைக் கேட்டே இஞ்சினின் நோயைச் சொல்லும் பையன்களை எனக்குத் தெரியும். டிரைவர் கண்ணயரும் நேரத்திலே பக்கத்திலிருந்து பேச்சுக் கொடுத்து, வண்டியையும் உயிரையும் காத்தவர்கள் அவர்கள். அவன் டிரைவராக விரும்பிப் போனால், 2019 வரை என்ன கேட்டார்கள்? "எட்டாம் வகுப்புத் தேறினாயா?" போக்குவரத்து வண்டிக்கு உரிமம் வேண்டுமென்றால் எட்டாவது தேறியிருக்க வேண்டும் என்று நடுவண் மோட்டார் வாகன விதிகளின் எட்டாம் விதி சொல்லிற்று. பாருங்கள் பொருத்தத்தை: எட்டாம் விதி, எட்டாம் வகுப்பு, எட்டாக் கனி!

பிள்ளையைப் பள்ளிக்கு அனுப்பாமல் பட்டறைக்கு அனுப்பியது யார்? வறுமை. அதற்குத் தண்டனை யாருக்கு? பிள்ளைக்கு! சொந்தக் காரை ஓட்டுகிறவனுக்கு அந்த விதி இல்லை. கூலிக்கு ஓட்டுகிறவனுக்குத்தான் படிப்புச் சான்று. இன்ப உலா போகிறவன் படிக்கவேண்டாம், பிழைக்கப் போகிறவன் படித்திருக்க வேண்டுமாம்!

படிக்கத் தெரியாதவன் பலகையை எப்படிப் படிப்பான் என்று வாதாடினார்கள். நியாயமான கேள்வி போலத் தோன்றும். ஆனால் பலகையைப் படைத்தவர்கள் படிக்கத் தெரியாதவனையும், மொழி தெரியாதவனையும் மனத்திலே வைத்துத்தான் வடிவங்களைப் படைத்தார்கள். 'நில்' என்னும் பலகைக்கு எட்டு மூலை. வேறெந்தப் பலகைக்கும் அந்த வடிவம் இல்லை. எழுத்து அழிந்து போனாலும், இருட்டிலே மங்கினாலும், வடிவமே சொல்லும் நில் என்று. எட்டு மூலையை அறிந்தவனிடம் எட்டாம் வகுப்பைக் கேட்பானேன்? ஓட்டத் தெரியுமா என்று சோதியுங்கள், கடுமையாகவே சோதியுங்கள். அதிலே சலுகை கேட்கவில்லை நாம்.

அரியானாவிலே மேவாத் பகுதி மக்கள், வண்டி ஓட்டிப் பிழைப்பவர்கள், பள்ளிப் படிப்பு குறைந்தவர்கள். அவர்களுக்காக அந்த மாநில அரசு விதிவிலக்குக் கேட்டது. அதன் பேரில்தான் 2019 ஜூனில் நடுவண் அரசு விதியையே எடுத்துவிடுவதாக அறிவித்தது. அதே ஆண்டு செப்டம்பரில் விதி போயிற்று. போய் இத்தனை ஆண்டாகியும் "நான் அஞ்சாவதுதான், எனக்கு ஏது லைசென்ஸ்?" என்று கிளீனராகவே காலம் தள்ளுகிறவர்கள் இருக்கிறார்கள். விதி செத்த சேதி பட்டறைக்கு வந்து சேரவில்லை! கிளைக் கூட்டத்திலே இதைச் சொல்லுங்கள்.

அந்தத் தம்பிக்குக் கணக்கு இதுதான். பதினெட்டில் இலகுரக வண்டிக்கு எல்.எல்.ஆர். முப்பது நாள் கழித்துப் பிரேக் இன்ஸ்பெக்டர் முன்னால் ஓட்டிக்காட்டி உரிமம். அதன் பிறகு ஓராண்டு. லாரிக்கு 20 வயது நிரம்பவேண்டும். குட்டியானை ஓட்ட நினைப்பவனுக்கு இன்னொரு நற்செய்தி: 7,500 கிலோவுக்கு உட்பட்ட சரக்கு வண்டிக்கு இலகுரக உரிமமே போதும், தனி முத்திரை வேண்டாம் என்று 2017-ல் உச்சநீதிமன்றம் சொன்னதை, 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் அமர்ந்து உறுதி செய்துவிட்டார்கள். முத்திரை இல்லை என்று காரணம் காட்டி இழப்பீட்டுக்குக் கையை விரித்த காப்பீட்டுக் கம்பெனிகளுக்கு அந்தக் கதவு சாத்தப்பட்டது.

காப்பீடு என்றதும் நினைவுக்கு வருகிறது. எல்.எல்.ஆர். தானே, அது உரிமமா என்று கம்பெனிக்காரர்கள் வழக்காடிய காலம் உண்டு. பழகுநர் உரிமமும் உரிமமே, அதை வைத்து ஓட்டியவனால் விபத்து நேர்ந்தால் கம்பெனிதான் பணம் தரவேண்டும் என்று 2004-ல் உச்சநீதிமன்றம் தீர்ப்புக் கூறியது. தாளே இல்லாதவன் ஓட்டினால்? அடிபட்டவருக்குக் கம்பெனி கொடுத்துவிட்டு, வண்டிக்காரரிடம் வசூலித்துக்கொள்ள உத்தரவு வாங்கிவிடும். வசூலிப்பது எதிலிருந்து? இருபது வருட உழைப்பிலே எழுந்த அந்த ஓட்டு வீட்டிலிருந்து.

தாள் கைக்கு வந்ததும் வேலை முடிந்ததென்று இருந்துவிடக்கூடாது. ஆறு மாதம்தான் அதற்கு ஆயுள். அதற்குள்ளே மைதானத்திலே எட்டுப் போடப் பழகவேண்டும். கால் தரையிலே படாமல், கண் சக்கரத்தைப் பாராமல், வளைவைப் பார்த்து. பழகும்போது உரிமம் உள்ள ஒருவர், வண்டியை நிறுத்தக்கூடிய இடத்திலே உடன் இருக்கவேண்டும். மோட்டார் சைக்கிளிலே கற்றுக்கொடுப்பவரைத் தவிர வேறு யாரையும் பின்னால் ஏற்றக்கூடாது, ஆசைக்குத் தங்கையைக்கூட. முன்னும் பின்னும் எல் போர்டு வேண்டும்: 18 சென்டிமீட்டர் சதுரம், வெள்ளைத் தளம், அதிலே சிவப்பு எழுத்து, உயரம் பத்து, தடிப்பு இரண்டு, அடி அகலம் ஒன்பது. கடையிலே ஸ்டிக்கராக விற்கிறார்கள். காசு வேண்டாமென்றால் வீட்டிலுள்ள அட்டைப் பெட்டியை வெட்டி, கிளை மன்றத்திலே சுவரெழுத்துக்கு வைத்திருக்கும் சிவப்பு வண்ணத்திலே ஒரு கரண்டி கேட்டு வாங்கி எழுதிக்கொள்ளலாம்.