ஈர்ப்பும் குவாண்டமும்: கருந்துளை என்னும் உரைகல்

தோப்பூரை அடுத்த கொட்டியாரக் குடாவில் கடல்நீர் ஏறி இறங்குவது ஈர்ப்பின் செயலாகும். அந்நீரின்மீது விழும் வெயிலோ குவாண்டம் விதிகளுக்கு உட்பட்டது. ஐன்ஸ்டைன் 1915 இல் நிறைவுசெய்த பொதுச் சார்புக் கொள்கை, ஈர்ப்பை வெளியும் காலமும் வளைவதன் விளைவாக விளக்குகிறது, அவ்வளைவு இடையறாதது. குவாண்டம் கொள்கையோ ஒளியின் ஆற்றல் தனித்தனிக் கூறுகளாகவே கைமாறுகிறது என்கிறது. தத்தம் எல்லைக்குள் இரண்டும் செம்மையாகப் பயன்படுகின்றன. இரண்டும் சேர்ந்து தேவைப்படும் இடத்திலேயே கணக்கு முறிகிறது.

அவ்விடம் ஏறத்தாழ 1.6×10⁻³⁵ மீற்றர் அளவினது. எந்தத் துகள்முடுக்கியும் அதனை எட்டவில்லை. எனவே ஆய்வாளர் கருந்துளையை உரைகல்லாகக் கொண்டனர். ஒரு பொருளின் நுண்ணிலைகள் எத்தனை என்பதை அளப்பது என்ட்ரோபி. கருந்துளைக்கும் என்ட்ரோபி உண்டு, அது அதன் மேற்பரப்புக்கு நேர்விகிதமானது எனப் பெக்கன்ஸ்டைன் 1970களின் தொடக்கத்தில் வாதிட்டார். கருந்துளை வெப்பத்தை உமிழும் என 1974 இல் ஹாக்கிங் காட்டியபோது அக்கருத்து உறுதிபெற்றது. வாயுவின் வெப்பத்துக்கு அணுக்கள் காரணமெனில், கருந்துளையின் வெப்பத்துக்குக் காரணமான நுண்கூறுகள் எவை? குவாண்டம் ஈர்ப்புக் கொள்கை எதுவாயினும் இவ்வினாவுக்கு விடையளித்தே ஆகவேண்டும்.

1986 இல் அபய் அஷ்டேகர் ஐன்ஸ்டைனின் சமன்பாடுகளைப் புதிய மாறிகளில் எழுதினார். அவ்வழியே வளர்ந்த கண்ணி ஈர்ப்புக் கொள்கையில் பரப்பே சிறு கூறுகளால் ஆனது. இழைக் கொள்கையினரான ஸ்ட்ரோமிங்கரும் வாஃபாவும் 1996 இல் சிறப்புவகைக் கருந்துளைகளின் நுண்ணிலைகளை எண்ணி, எதிர்பார்த்த விடையையே பெற்றனர். ஆயின் பெரும்பகுதி ஒத்துவருவது மட்டும் போதாது. சிறு திருத்தமும் ஒத்துவருதல் வேண்டும். சென்னைக் கணித அறிவியல் நிறுவனத்தைச் சேர்ந்த ரொமேஷ் கௌலும் பார்த்தசாரதி மஜும்தாரும் 2000 இல் கண்ணி முறையில் அத்திருத்தத்தைக் கணித்தனர். பரப்பின் மடக்கையை −3/2 ஆல் பெருக்கி வருவதே அது. 2012 இல் அலகாபாத்திலிருந்த அசோக் சென், நுண்கூறுகள் எவை என்று கொள்ளாமலே, சுழற்சியற்ற கருந்துளைக்கு அதே திருத்தத்தைக் கணித்தார். இரு விடைகளும் ஒத்துவரவில்லை.

இம்முரண்பாட்டை நாம் தோல்வியாகக் கருத வேண்டியதில்லை. 2015 இல் பதிவான ஈர்ப்பலைகளும் ஐன்ஸ்டைனின் கொள்கைக்கே சான்றளித்தன. குவாண்டம் ஈர்ப்பைப் பரிசோதனை இன்னும் தொடவில்லை. இந்நிலையில் ஒரு கொள்கையின் அழகையோ அதனைக் கூறுவோரின் புகழையோ நாம் சான்றாகக் கொள்ளலாகாது. பிறர் சரிபார்க்கவும் மறுக்கவும் கூடிய ஓர் எண்ணை முன்வைக்கும் துணிவே ஊகத்தை அறிவியலாக்குகிறது.